தீரா நிற்கிற இடம்

மார்ச் 9

யாழ்ப்பாணத்துக் கரவெட்டியில் எட்டாம் வகுப்புக்கு விஞ்ஞானம் படிப்பித்த காலத்தில் நிறஞ்சனா என்ற பிள்ளை எழும்பி நின்று கேட்டாள்: “சேர், நாய் ஏன் குரைக்குது?” அன்றைய பாடம் ஒலி அலைகள். “கள்ளன் வந்தால் சொல்லத்தான்” என்றேன். “எங்கடை நாய் கள்ளன் வராட்டிலும் குரைக்குது சேர்.” வகுப்பு சிரித்தது. நானும் சிரித்துவிட்டு அடுத்த பக்கத்தைப் புரட்டினேன்.

இன்று அந்தக் கேள்வி ஞாபகம் வந்ததற்குக் காரணம், என் கட்டிலுக்குக் கீழே ஒரு நாய் படுத்திருக்கிறது.

மாலையில் குகநேசன் கொண்டுவந்து விட்டான். குகன் என் மனைவி மலரின் தம்பி. நோர்வேயின் இந்தப் பள்ளத்தாக்கு ஊரில் அவனுடைய வீட்டின் கீழ்த்தளத்தில்தான் நானும் மலரும் குடியிருந்தோம். போன மாரிக் குளிரில் மலர் கண்ணை மூடியதிலிருந்து நான் மட்டும். நாயின் பெயர் தீரா. எல்க்ஹுண்ட் என்று இங்கே சொல்கிற சாதி. எல்க் என்பது குதிரையைவிட உயரமான ஒரு மான். அதை வேட்டையாடுவதற்காகவே வளர்க்கிற நாய் இது. சாம்பல் நிறம், நிமிர்ந்த கூர்க் காது, முதுகின்மேல் சுருண்டு கிடக்கிற வால். வயது ஒன்றரை.

“அத்தான், எனக்கு வேலை பகலும் இரவுமா மாறி மாறி வருது. உவளை நடத்த ஆளில்லை. அக்காவும் இல்லாமல் நீங்கள் தனிய இருக்கிறியள். இனி இவள் உங்கடை நாய்.”

“நான் மரக்கறிக்காரன் குகன். இவள் மான் பிடிக்கிறவள்.”

“அவள் பிடிக்கிறேல்லை. நிப்பாட்டி வைப்பாள். மிச்சம் சுடுறது துவக்குக்காரன்ரை வேலை.”

“என்ரை நாய்தானே?”

“ஓம் அத்தான். எழுதித் தரட்டே?”

எழுத வேண்டாம் என்றேன். சொந்தத்துக்குள் என்ன எழுத்து.

மார்ச் 10

கட்டிலுக்குக் கீழே அவளுக்குச் சூடு. வெளியே போய்ப் பனியில் வட்டமாகச் சுருண்டு, மூக்கை வாலுக்குள் புதைத்துக்கொண்டு படுத்தாள். மேலே பனி விழ விழ நித்திரை.

மார்ச் 27

இந்தச் சாதி நாய் பசித்தால் மட்டும் கேட்பதில்லை. எந்நேரமும் பசி என்றுதான் கேட்கும். கேட்டபோதெல்லாம் கொடுத்தால் இரண்டு மாதத்தில் பீப்பாய் ஆகிவிடும் என்று குகன் எச்சரித்திருக்கிறான். காலையும் மாலையும் ஒரு கோப்பை, அவ்வளவுதான். விலா எலும்பைக் கை வைத்துத் தடவினால் தெரிய வேண்டும், கண்ணுக்குத் தெரியக் கூடாது.

பிடிவாதம் உண்டு. ஒருமுறை சொன்னால் கேட்பாள். மூன்று முறை சொன்னால் கேட்க மாட்டாள். கெட்டிக்காரப் பிள்ளைகள் எல்லாம் இப்படித்தான். உதாரணத்துக்கு, கணக்கில் நூறு எடுக்கிற பிள்ளைக்கு வாய்ப்பாட்டை மறுபடி சொல்லச் சொல்லிப் பாருங்கள், முகத்தைத் திருப்பிக்கொள்ளும்.

என் நோர்வேயிய மொழி கடைக்குப் போய்வர மட்டும் காணும். ஆகவே அவளோடு தமிழ்தான். “இரு”, “நில்”, “வா பிள்ளை”. மேல்மாடியில் குகனின் பிள்ளைகள் இரண்டுக்கும் தமிழில் இவ்வளவு தெரியாது என்று குகனே சொல்லிச் சிரித்தான்.

ஏப்ரல் 19

குளிர்காலப் போர்வையைக் கழற்றுகிறாள். மேல் உரோமத்துக்கு அடியில் பஞ்சுபோல ஒரு அடுக்கு இருக்கிறது. அது கொத்துக் கொத்தாக வருகிறது. முற்றத்தில் இருத்தி, இரும்புப் பல் சீப்பால் கழுத்திலிருந்து தொடைவரை வாரினேன். இன்னொரு நாய் செய்கிற அளவுக்குச் சேர்ந்தது. சிட்டுக் குருவிகள் வந்து கூட்டுக்கு அள்ளிக்கொண்டு போயின.

குகனின் மனைவி சுகிர்தா மேலே பலகணியிலிருந்து எட்டிப் பார்த்தாள்.

“அண்ணை, என்ரை புட்டுக்குள்ளை உங்கடை நாயின்ரை மயிர்.”

“தேங்காய்ப்பூ குறைஞ்ச நாளையிலை சமாளிக்கலாம் பிள்ளை.”

சிரிக்கவில்லை. இனிக் கீழே வரமாட்டாள் என்று நினைக்கிறேன்.

மே 6

கடைத் தொகுதியில் சப்பாத்துத் தைக்கிறவர் சிறு தகடுகளில் பெயர் வெட்டிக் கொடுக்கிறார். ‘தீரா’ என்று அவர்களுடைய எழுத்தில், கீழே என்னுடைய தொலைபேசி எண். கழுத்துப் பட்டியில் மாட்டினேன். நடக்கும்போது கிணுகிணுக்கிறது.

ஒஸ்லோவிலிருந்து மகள் தர்மினி போன் எடுத்தாள். தகட்டைப் பற்றிப் பெருமையாகச் சொன்னேன்.

“அப்பா, நாய் யாற்றை பேரிலை பதிஞ்சிருக்கு?”

“குகன்ரை பேரிலை இருக்கும். அவன்தானே குட்டியிலை வாங்கினவன்.”

“உங்கடை பேருக்கு மாத்தச் சொல்லுங்கோ.”

“அவன் உன்ரை மாமா, தர்மினி.”

“தெரியும் அப்பா. அதுதான் சொல்லுறன்.”

இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்கு எதற்கும் சந்தேகம்.

மே 30

இன்று ஒரு பாடம் படித்தேன்.

ஓகஸ்ட் இருபதுவரை நாய்களை அவிழ்த்துவிடக் கூடாது என்பது இங்கே சட்டம். நீளக் கயிற்றில் கட்டித்தான் காட்டுப் பாதையில் நடத்துகிறேன். பேர்ச் மரங்கள் தளிர் விட்டிருக்கின்றன. திடீரென்று தீராவின் இரண்டு காதுகளும் ஒரே திசைக்குத் திரும்பின. மறு கணம் கயிறு என் கையை உரசிக்கொண்டு போய்விட்டது.

சத்தமே இல்லை. பிறகு மேட்டுக்கு அப்பால் குரைக்கத் தொடங்கினாள். பயந்த குரைப்பு அல்ல, கோபமும் அல்ல. ஒரே அளவு, ஒரே இடைவெளி, மணி அடிக்கிற மாதிரி. “வா பிள்ளை, வா பிள்ளை” என்று பாதையில் நின்று கத்தினேன். அவள் வரவுமில்லை, நிறுத்தவுமில்லை. குகனுக்குப் போன் எடுத்தேன்.

“அத்தான், போனைத் தூக்கிப் பிடியுங்கோ. நான் கேக்கிறன்.” கேட்டான். குரல் மாறிவிட்டது. “அத்தான், அவள் ஒரு எல்க்கை நிப்பாட்டி வைச்சிருக்கிறாள். தனிய. கூப்பிடாதேங்கோ.”

“வராமல் நிக்கிறாள் குகன்.”

“வரமாட்டாள். வரவும் கூடாது. அவள் கூப்பிடுறாள், நீங்கள்தான் போகவேணும். வேட்டைக்காரருக்கு அது சட்டம் மாதிரி. நாய் நிண்டு குரைச்சால் ஆள் போகும். ஆள் வரும் எண்டு நம்பித்தான் அது நிக்குது. ரெண்டு மூண்டு தரம் போகாமல் விட்டால் அந்த நாய் பிறகு நிக்காது. நாய் பழுதாப் போயிடும்.”

போனேன். முழங்காலளவு புதருக்குள் தடுமாறிக்கொண்டு போனேன். மேட்டின் மறுபுறம் ஒரு இளம் ஆண் எல்க், காலை உதறிக்கொண்டு நின்றது. எதிரே தீரா. முன்னுக்கு இரண்டு அடி, பின்னுக்கு இரண்டு அடி, குரைப்பு. என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை, ஆனால் என் பக்கத்துக் காது மட்டும் என்னிடம் திரும்பியது. நான் அவள் பக்கத்தில் போய் நின்றதும் நிறுத்திவிட்டாள். எல்க் மெதுவாக மரங்களுக்குள் போனது. அவள் என் காலோடு சாய்ந்தாள். உடம்பு முழுவதும் நடுங்கிக்கொண்டிருந்தது.

வகுப்பில் விடை தெரிந்த பிள்ளை கையை உயர்த்தும். ஆசிரியர் பார்க்கும்வரை இறக்காது. பார்க்காமலே விட்டால் ஒருநாள் அந்தக் கை உயர்வது நின்றுவிடும். அந்தப் பிள்ளைக்கு அதன்பிறகும் விடை தெரியும், ஆனால் யாருக்கும் சொல்லாது.

நிறஞ்சனாவுக்கு இன்றைக்குத்தான் பதில் கிடைத்தது. இவ்வளவு காலமும் அவள் காத்திருக்க மாட்டாள்.

யூன் 20

குகன் ஒரு நண்பரைக் கூட்டிக்கொண்டு வந்தான். பெயர் ஐவின். வடக்கே, ரயிலில் அரை நாள் போகிற ஊர். நெடிய மனிதர், குனிந்துதான் என் கதவால் வந்தார். தேத்தண்ணீர் கொடுத்தேன்.

தீராவின் வாயைத் திறந்து பல்லைப் பார்த்தார். இடுப்பு எலும்பில் இரண்டு கையையும் வைத்து அழுத்தினார். முற்றத்தில் போகவிட்டு, வரவிட்டு, கைத்தொலைபேசியில் படம் பிடித்தார். நாய்ப் பிரியர் போலிருக்கிறது. போகும்முன் என்னைப் பார்த்து மெதுவாக ஏதோ கேட்டார்.

“என்ன கேக்கிறார் குகன்?”

“நாயிலை உங்களுக்கு விருப்பமோ எண்டு கேக்கிறார்.”

“ஓம் எண்டு சொல்லு. என்ரை பிள்ளை மாதிரி எண்டு சொல்லு.”

குகன் நீளமாகச் சொன்னான். நான் சொன்னதைவிட மிக நீளம். இடையில் தன் முழங்காலைத் தொட்டுக் காட்டினான். ஐவின் தலையை ஆட்டி, என் தோளில் கையை வைத்து, கொஞ்ச நேரம் எடுக்காமல் வைத்திருந்தார். யாராவது செத்த வீட்டில் அப்படி வைப்பார்கள்.

இந்த நாட்டவர்கள் இப்படி அன்பாகப் பழகுவது அபூர்வம். நல்ல மனிதர்.

யூலை 8

குகன் வாகனத்தின் பின்னுக்கு வைக்கிற ஒரு அலுமினியக் கூட்டைக் கொண்டுவந்து முற்றத்தில் வைத்தான். “சும்மா பழக்கிவிடுங்கோ அத்தான். மிருக வைத்தியரிட்டைக் கொண்டுபோக உதவும். என்னட்டை ஏறமாட்டன் எண்டு நிக்கிறாள்.”

முதல் நாள் கூட்டின் கதவைக் கழற்றி வைத்தேன். இரண்டாம் நாள் சாப்பாட்டுக் கோப்பையை வாசலில் வைத்தேன். பிறகு உள்ளே. பிறகு கடைசி மூலையில். முதலாம் வகுப்புக்கு வருகிற பிள்ளையைத் தாயின் கையிலிருந்து இழுத்தெடுக்கக் கூடாது. தானாகவே வகுப்பு வாங்குப் பலகையில் போய் இருக்க வேண்டும்.

யூலை 15

“ஏறு பிள்ளை” என்றால் ஒரே பாய்ச்சல். உள்ளே திரும்பி உட்கார்ந்து என்னைப் பார்க்கிறாள். கதவைப் பூட்டினாலும் முனகல் இல்லை. நான் திறப்பேன் என்று தெரியும்.

குகன் பலகணியில் நின்று பார்த்துக் கை தட்டினான். “உங்களை விட்டால் ஆளில்லை அத்தான்.” எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது.

ஓகஸ்ட் 24

இந்தச் சாதி நாய்களுக்கு ஒரு பரீட்சை நடக்கிறது. காட்டில் அவிழ்த்துவிட்டு, எல்க்கைத் தேடுகிறதா, நிறுத்தி வைக்கிறதா, எவ்வளவு நேரம் நின்று குரைக்கிறது என்று புள்ளி போடுவார்கள். குகன் விடியவே கூட்டிக்கொண்டு போனான். நான்தான் ஏற்றிவிட்டேன். என்னையும் வரச் சொல்லிக் கேட்கவில்லை. வாகனத்தில் இடம் காணாதாம்.

பின்னேரம் பாட்டுப் பாடிக்கொண்டு வந்தான். முதற்தரத்தில் சித்தியாம். நடுவர்களில் ஐவினும் இருந்தாராம்.

“ரெண்டு மணித்தியாலம் நிண்டாள் அத்தான். ஒரே இடத்திலை. எல்லாரும் வாயைப் பிளந்துபோட்டாங்கள்.”

“காலைப் பார்த்தியா? விரலுக்கிடையிலை கீறியிருக்கு.”

“அது மாறும்.”

நடத்தியவன், சாப்பாடு தீத்தியவன், வாரியவன் நான் என்று நடுவர்களுக்குச் சொன்னானா என்று கேட்க நினைத்தேன். கேட்கவில்லை. பிள்ளை சித்தியடைந்தால் போதும்.

செப்டம்பர் 2

குகனிடமிருந்து காலையில் போன். இடுப்பு எலும்புக்கு எக்ஸ்ரே படம் எடுக்க வேணுமாம், பெரிய மிருக வைத்தியசாலைக்கு, தூரம். இரண்டு மூன்று நாள் மறித்து வைப்பார்களாம்.

வாகனம் வாசலில் நின்றது. சுகிர்தா பலகணியில் நின்றவள் உள்ளே போனாள். குகன் “ஏறு, ஏறு” என்று சொல்லிப் பார்த்தான். தீரா நிலத்தோடு ஒட்டிக்கொண்டு என்னைப் பார்த்தாள்.

“அத்தான், நீங்கள் ஒருக்காச் சொல்லுங்கோ.”

“ஏறு பிள்ளை” என்றேன்.

பாய்ந்து ஏறினாள். உள்ளே திரும்பி உட்கார்ந்தாள்.

அவளுடைய போர்வையையும் சீப்பையும் கொடுத்துவிட்டேன். சீப்பு ஏன் என்று நான் கேட்கவில்லை. அவன்தான் கேட்டு வாங்கினான்.

செப்டம்பர் 3

தண்ணீர்க் கோப்பையைக் கழுவி, புதுத் தண்ணீர் வைத்தேன்.

செப்டம்பர் 6

படத்தில் ஏதோ சந்தேகமாம். இன்னும் சில நாள் வைத்திருப்பார்களாம். பெரிய இடங்களில் அப்படித்தான். மலருக்கும் முதலில் இரண்டு நாள் என்றுதான் சொன்னார்கள்.

செப்டம்பர் 11

சுகிர்தா இடியப்பமும் சொதியும் கொண்டுவந்தாள். கீழே வராதவள் இந்த வாரம் மூன்றாம் தடவையாக வந்திருக்கிறாள். வாசலிலேயே நின்றாள்.

“சாப்பிடுங்கோ அண்ணை. மெலிஞ்சு போனியள்.”

“தீரா எப்படியாம்? குகன் ஏதும் சொன்னவனே?”

“எனக்கு அதுகள் தெரியாது அண்ணை.” தட்டை என் கையில் தந்துவிட்டு, தரையைப் பார்த்துச் சொன்னாள்: “மயிர் ஒண்டும் இல்லை, வீடு துப்பரவாக் கிடக்கு.” சொல்லிவிட்டு அவளுக்கே முகம் ஒரு மாதிரிப் போய்விட்டது.

செப்டம்பர் 18

இப்போது பயிற்சிக்கு விட்டிருக்கிறார்களாம். வேட்டைக் காலம் தொடங்கப்போகிறது, அதற்கு முன் பழக்க வேணுமாம். இடுப்புப் படத்தைப் பற்றிக் கேட்டேன். “அதெல்லாம் சரி அத்தான்” என்றான். எது சரி என்று விளங்கவில்லை. களைப்பாக வந்திருந்தான், தொந்தரவு கொடுக்க மனமில்லை.

கூடு இருந்த இடத்தில் புல் மஞ்சளாகப் போயிருக்கிறது.

செப்டம்பர் 25

வேட்டை தொடங்கிவிட்டது. குகன் புது உடுப்போடு புறப்பட்டான், தோளில் துவக்கு, தொப்பியில் செம்மஞ்சள் பட்டி. இந்த ஊரில் அவனுக்கு வேட்டைக் குழுவில் இடம் கிடைத்ததே இல்லை. குழு என்றால் தகப்பன், மகன், பேரன் என்று வருகிறது. அந்நியனுக்கு இடம் விழாது. இவ்வளவு காலமும் விருந்தாளியாக இரண்டு நாள் போய்த் தேத்தண்ணீர் ஊற்றிவிட்டு வருவான். இப்போது வடக்கே ஒரு குழுவில் நிரந்தர இடமாம்.

“ஐவினின்ரை குழுவே?” என்றேன்.

“ஓம்” என்று சொல்லி வாகனத்தின் கதவைச் சாத்தினான்.

பின்னுக்குக் கூடு இல்லை.

நான் எதையும் யோசிக்கவில்லை. தண்ணீர் மாற்றிவிட்டு உள்ளே வந்தேன்.

ஒக்ரோபர் 4

பகல் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது தெரியாத எண்ணிலிருந்து போன்.

“ஐவின்” என்றது குரல். பிறகு மெதுவாக, ஒவ்வொரு சொல்லாக, குழந்தைக்குச் சொல்வதுபோல் சொன்னார். தகட்டைப் பார்த்து எடுத்தாராம். தீரா. நல்ல நாய். சாப்பிடவில்லை. அவ்வளவும் விளங்கியது. மேலே விளங்கவில்லை. அவருக்கும் அது தெரிந்திருக்க வேண்டும். பேச்சை நிறுத்திவிட்டுப் போனைத் தூக்கிப் பிடித்தார்.

கேட்டேன்.

ஒரே அளவு. ஒரே இடைவெளி. மணி அடிக்கிற மாதிரி. கொஞ்சம் கரகரத்துப் போயிருந்தது.

அது காட்டிலிருந்து வந்த சத்தம் அல்ல. பின்னால் ஒரு கோழி கொக்கரித்தது, யாரோ வாளியை வைத்தார்கள். வீட்டு முற்றத்தில் நின்று குரைக்கிறாள். முற்றத்தில் எல்க் இல்லை.

ஐவின் திரும்ப வந்து மூன்று சொல் கேட்டார். அது எனக்கு விளங்கியது. உங்களால் வர முடியுமா.

அதே நாள், பின்னேரம்

குகன் வேலையால் வந்து சப்பாத்துக் கழற்றும்வரை படியில் இருந்தேன்.

“தீரா ஐவினிட்டையோ?”

அவன் சப்பாத்துக் கயிற்றையே பார்த்துக்கொண்டிருந்தான்.

“அத்தான், உள்ளுக்கு வாங்கோ, கதைப்பம்.”

“இதிலையே சொல்லு.”

“இருபது வருசம் அத்தான். இந்த ஊரிலை இருபது வருசமா இருக்கிறன். ஒரு நாள், ஒரு நாள் எண்டாலும், வா குகன் எண்டு ஒருத்தன் கூப்பிட்டிருப்பானே? ஐவினுக்கு நல்ல பெட்டை நாய் ஒண்டு தேவைப்பட்டுது. எனக்கு ஒரு இடம் தேவைப்பட்டுது. நான் வித்துத் தின்னேல்லை.”

“எப்ப முடிவாச்சுது?”

“அது... மார்ச்சிலை ஒரு கதை இருந்தது. பரீட்சையிலை சித்தியடைஞ்சால் எண்டு.”

“மார்ச்சிலை.”

“நடத்த ஆள் வேணுமே அத்தான். உங்களுக்கும் ஒரு பொழுதுபோக்கு. நான் நினைச்சன், ஒரு நாய்தானே, பிறகு உங்களுக்கு வேறை ஒரு குட்டி...”

“அவள் முற்றத்திலை நிண்டு குரைக்கிறது உனக்குத் தெரியுமோ? நீ போன கிழமை அங்கைதானே நிண்டனீ.”

கழற்றிய சப்பாத்தை எடுத்துச் சுவரோரம் வைத்தான்.

“கேட்டனியோ குகன்?”

“கேட்டனான்.”

“அது என்ன குரைப்பு எண்டு உனக்குத் தெரியும். எனக்குச் சொல்லித்தந்தது நீ.”

மேலே கதவிடுக்கில் சுகிர்தாவின் கால் தெரிந்தது. நான் கீழே வந்து பையை எடுத்தேன்.

என்னை ஏமாற்றியதை எப்படியோ விழுங்கிவிடலாம். அவளைக் கூட்டில் ஏற்றுவதற்கு என் வாயை எடுத்துக்கொண்டானே. “நீங்கள் ஒருக்காச் சொல்லுங்கோ.” அதை எந்தப் பக்கத்தால் விழுங்குவது என்று தெரியவில்லை.

ஒக்ரோபர் 5

ரயில். தனியாகப் பயணச்சீட்டு வாங்கியது இதுதான் முதல் தடவை. மலர் இருந்தால் சிரித்திருப்பாள். தர்மினிக்கு எல்லாம் சொன்னேன். “நான் அப்பவே சொன்னன்” என்று அவள் சொல்லவில்லை. “ஸ்வெட்டர் போட்டியளே?” என்று மட்டும் கேட்டாள்.

ஐவின் நிலையத்துக்கு வந்திருந்தார். அவருடைய பாதை முடிகிற இடத்தில் வாகனத்தை நிறுத்தியபோதே சத்தம் கேட்டது. நான் இறங்கினேன். கூப்பிடவில்லை. வாய் வரை வந்த பெயரை நிறுத்திக்கொண்டு நடந்தேன்.

முற்றத்தின் எல்லையில், நாங்கள் வந்த திசையைப் பார்த்தபடி நின்றாள். இரண்டு அடி முன்னுக்கு, இரண்டு அடி பின்னுக்கு. இளைத்திருந்தாள், விலா கண்ணுக்குத் தெரிந்தது. என்னைக் கண்டு ஓடிவரவில்லை. வாலை ஆட்டவில்லை. தொடர்ந்து குரைத்தாள். ஒரு காது மட்டும் என்னிடம் திரும்பியது. நான் பக்கத்தில் போய் நின்றேன்.

நிறுத்தினாள்.

இரண்டு பேரும் ஒன்றுமில்லாத பாதையைப் பார்த்துக்கொண்டு நின்றோம். பிறகு அவள் என் காலில் சாய்ந்தாள்.

ஐவின் தூரத்தில் தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு நின்றார்.

ஒக்ரோபர் 6

ஐவினின் தாயார் இருந்து கண்ணை மூடிய சிறு வீடு முற்றத்தின் மறுபுறம் இருக்கிறது. எனக்கு அதில் படுக்கை போட்டுத் தந்தார். காலையில் தர்மினியைப் போனில் பிடித்து, மேசையில் வைத்து, அவளுடைய வாயால் கதைத்தோம்.

“அப்பா, யூன் மாதம் வந்த நேரம் உங்களிட்டை ஒண்டு கேட்டவராம். நாயை விட்டுப் பிரிய உங்களுக்குச் சம்மதமோ எண்டு.”

“நாயிலை விருப்பமோ எண்டுதான் கேட்டவர். குகன் சொன்னவன்.”

தர்மினி ஐவினிடம் அவருடைய மொழியில் ஏதோ திரும்பக் கேட்டாள்.

“சொல்லு பிள்ளை.”

“மாமா அவருக்குச் சொன்ன மறுமொழி... உங்களுக்கு முழங்கால் ஏலாதாம். நாயோடை அலுத்துப் போனியளாம். ஆராவது கொண்டுபோனால் நிம்மதி எண்டு நீங்கள்தான் கேட்டியளாம்.”

மேசைக்கு அப்பால் ஐவின் என் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். தோளில் கை வைத்தது அதற்குத்தான்.

எனக்குத் தெரிந்த நோர்வேயிய சொற்களில் ஒன்று போதுமாக இருந்தது. “நெய்” என்றேன். இல்லை. தர்மினியை மொழிபெயர்க்க விடவில்லை. அவருக்கு விளங்கும்வரை பார்த்துக்கொண்டிருந்தேன்.

அவர் எழும்பி ஜன்னலால் வெளியே பார்த்தார். பிறகு அவர் சொன்னதை மகள் தமிழில் சொன்னாள்: “என்ரை நாய் எண்டு நான் சொல்லலாம், அவள் சொல்லமாட்டாள் எண்டுறார் அப்பா. அந்த வீட்டிலை விரும்பின காலம் இருக்கச் சொல்லுறார். பனி முடிஞ்ச பிறகு அவளைக் கூட்டிக்கொண்டு எங்கை போறதெண்டாலும் போகலாமாம். வேட்டை மாதத்திலை மட்டும் தனக்கு வேணுமாம்.”

“குழுவிலை குகனின்ரை இடம்?”

“அதைப் பற்றிக் கேக்கேல்லை அப்பா. கேக்கட்டே?”

வேண்டாம் என்றேன்.

பின்னேரம்

மிருக வைத்தியரிடம் காட்டப் புறப்பட்டோம். உண்மையான வைத்தியர், கிராமத்துக்குள்ளேயே. ஐவின் வாகனத்தின் பின்கதவைத் திறந்தார். அதே அலுமினியக் கூடு. அவர் என்னைப் பார்த்தார்.

“ஏறு பிள்ளை” என்றேன்.

தீரா கூட்டைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். பிறகு நிலத்தில் உட்கார்ந்தாள். முறைப்பு இல்லை, முனகல் இல்லை. கேட்டும் கேளாததுபோல் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

இரண்டாம் முறை சொல்லவில்லை. கயிற்றை எடுத்தேன். வைத்தியரிடம் நடந்தே போனோம். ஐவின் பின்னால் வாகனத்தை ஊர்ந்து ஓட்டிக்கொண்டு வந்தார். அந்தச் சொல்லை நான் பழக்கிய விதம் நல்ல விதம். அதற்குள் கள்ளம் வைத்துவிட்டார்கள். இனி அதைத் திரும்பப் படிப்பிக்க முடியாது. சில சொற்கள் ஒருமுறைதான்.

ஒக்ரோபர் 7

அரைக் கோப்பை சாப்பிட்டாள். குகனிடமிருந்து ஏழெட்டு அழைப்பு. எடுக்கவில்லை.

ஒக்ரோபர் 11

சனிக்கிழமை. குழு கூடியது. செம்மஞ்சள் தொப்பிகள், தெர்மோஸ், நாய்கள். குகன் வரவில்லை. சுகமில்லை என்று சொல்லி அனுப்பினானாம். மலைச் சரிவில் அவனுக்குக் கொடுத்த இடம், ஒரு பைன் மரத்தடியில் பலகை போட்ட சிறு இருக்கை. வேறொருவரையும் ஐவின் அதில் இருத்தவில்லை. அது வெறுமையாகக் கிடந்தது. அதற்காகத்தான் இவ்வளவும்.

தீராவைக் காட்டின் ஓரம்வரை நான் நடத்திக்கொண்டுபோய் அவிழ்த்துவிட்டேன். பிறகு நடப்பதை என்னால் பார்க்க ஏலாது; வீட்டுப் படியில் வந்து இருந்தேன். கனநேரம் ஒரு சத்தமும் இல்லை. பிறகு மலைக்கு அப்பால் அவள் குரல். ஒரே அளவு. நான் என்னை அறியாமலே எழும்பி நின்றுவிட்டேன். போகிறார்களா, ஒருவனாவது போகிறானா என்று காது கொடுத்துக்கொண்டு நின்றேன். ஒரு வெடி கேட்டது. பிறகு அமைதி. அந்த எல்க்குக்காகக் கண்ணை மூடினேன். ஆனால் யாரோ போயிருக்கிறார்கள். அவள் நின்ற நிலை வீணாகவில்லை.

மாலை வந்து என் சப்பாத்துமேல் தலையை வைத்துப் படுத்தாள். பாத விரலுக்கிடையில் முள் எடுத்தேன். கையைத் தந்தாள். ஆனால் நான் வாயைத் திறக்கும் ஒவ்வொரு முறையும், சொல் வருமுன், ஒரு கணம் என் முகத்தைப் படிக்கிறாள். முன்பு அந்தக் கணம் இல்லை. அது எப்போது போகும் என்று தெரியவில்லை. போகாமலும் இருக்கலாம்.

குகன் மறுபடி அழைத்தான். போன் மேசையில் அதிர்ந்து அதிர்ந்து நின்றது. ஒருநாள் எடுப்பேன். இன்றைக்கு இல்லை.

இந்தக் குறிப்பை எப்போதாவது யாராவது வாசித்தால், படிப்பித்துப் பழகிய வாய், ஒரே ஒரு வீட்டுவேலை தருகிறேன். உங்கள் தெருவில் ஒரு நாய் ஒரே இடத்தில் நின்று விடாமல் குரைத்தால், தூர நின்று கூப்பிடாதீர்கள். எழும்பி, செருப்பை மாட்டிக்கொண்டு, அது நிற்கிற இடம்வரை நடந்துபோய், ஒன்றும் பேசாமல் பக்கத்தில் நின்று பாருங்கள்.